கதவுக்கு வெளியே ஒருத்தர்

"நேத்து ராத்திரி இல்ல, சாயங்காலமே. ஆமா, வேலை செஞ்ச இடத்துலதான். இன்னிக்கு சாயங்காலம் அடக்கம்" என்று மறுபடியும் ஒருமுறை சொல்லி முடித்து, இளையவள் அப்பாவின் போனை மேசைமேல் வைத்தாள். வாய் வறண்டுவிட்டது. யார் யாருக்குச் சொல்ல வேண்டும் என்று கண்டுபிடிப்பதே பெரும்பாடாக இருந்தது. அப்பா லிஃப்ட் மெக்கானிக். அவர் போனில் மனிதர்களுக்குப் பெயரே கிடையாது; எல்லாம் கட்டடங்கள். 'கண் ஆஸ்பத்திரி', 'வங்கி பின்பக்கம்', 'சத்தம் போடுற லிஃப்ட்'. அம்மாகூட 'வீடு' என்றுதான் பதிவாகியிருந்தாள். 'சத்தம் போடுற லிஃப்ட்'டைக் கூப்பிட்டால் ஒரு பல் டாக்டர் எடுத்தார். விஷயத்தைக் கேட்டதும் உண்மையாகவே அழுதுவிட்டார்.

போன் சிணுங்கியது. பெயர் பதியாத எண்ணிலிருந்து ஒரு செய்தி.

'வந்துட்டேன்.'

துக்கம் கேட்க வந்தவர் என்று நினைத்து வாசலைப் பார்த்தாள். யாருமில்லை. கொஞ்ச நேரத்தில் இன்னொன்று வந்தது. 'இருக்கீங்களா?'

அவள் விரலால் மேலே தள்ளிக்கொண்டே போனாள். ஞாயிறு தவிர எல்லா நாளும் அதே எண்ணிலிருந்து 'வந்துட்டேன்'. அப்பாவின் பதில் 'சரி'. பிறகு 'முடிஞ்சுது'. அதற்கும் 'சரி'. சாயங்காலம் இதே கதை இன்னொரு முறை. அனுப்பியவர் பெயரைச் சொல்லவேயில்லை, அப்பாவும் கேட்கவில்லை. எப்போதாவது ஒருநாள் கொஞ்சம் நீளமாக இருந்தது. 'இன்னிக்கு என்னவோ ரொம்ப பயமா இருக்கு.' அதற்கு அப்பா எழுதியிருந்தார்: 'கூடவே இருக்கேன்.'

அதை அவள் திரும்பத் திரும்பப் படித்தாள். அப்பா வாயிலிருந்து ஒரு வார்த்தை வாங்குவதற்குள் போதும் போதும் என்றாகிவிடும். அவளுக்கு முதல் வேலை கிடைத்தபோது 'ம்' என்றார். பேசி முடித்த கல்யாணம் நின்றுபோன அன்று, 'சாப்பிட்டியா?' என்று கேட்டுவிட்டு டார்ச்சை எடுத்துக்கொண்டு வேலைக்குக் கிளம்பிவிட்டார். அந்த மனிதர் யாரோ ஒருவருக்குக் கூடவே இருக்கேன் என்று எழுதியிருக்கிறார். துக்கத்துக்கு நடுவில் பொறாமை வரக்கூடாதுதான். வந்தது.

பெரியவன் அவள் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தான். அண்ணனுக்கு எதையும் வேகமாகப் புரிந்துகொள்கிற சுபாவம், பெரும்பாலும் தப்பாக.

"அழிச்சுடு" என்றான்.

"யாருன்னு தெரிய வேண்டாமா?"

"தெரிஞ்சு என்ன கிழிக்கப்போறே? அம்மா உள்ள இருக்காங்க. சாயங்காலம் அந்தம்மா வந்து எல்லார் முன்னாடியும் அழுதுக்கிட்டு நின்னா, நம்ம அம்மா முகத்தை எங்க வச்சுக்குவாங்க?"

"அந்தம்மான்னு உனக்கு யாரு சொன்னா?"

"பின்ன, ஆம்பளையா இப்படி எழுதுவான்?"

அவள் அந்த எண்ணை அழைத்தாள். மணி அடித்தது, உடனே துண்டிக்கப்பட்டது. கையோடு செய்தியும் வந்தது. 'பேச முடியாது. பக்கத்துல ஆள் இருக்காங்க.'

பெரியவன் தலையில் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான்.

"யாருடி போன்ல?" உள்ளேயிருந்து அம்மா கேட்டாள்.

"ராங் நம்பர்மா."

இளையவளுக்கு ஒரு கூரியர் அலுவலகத்தில் வேலை. முகவரி அழிந்து போன பொட்டலங்கள் எல்லாம் அவள் மேசைக்குத்தான் வரும். மழையில் கரைந்த எழுத்து, பாதி கிழிந்த தெருப்பெயர், எதுவானாலும் மோப்பம் பிடித்து உரியவரிடம் சேர்த்துவிடுவாள். கண்டுபிடிக்கும்வரை சோறு இறங்காது. மூக்கு நீளம் என்று வீட்டில் எல்லோரும் கேலி செய்வார்கள். இன்றைக்கு அந்த மூக்குக்கு வேலை வந்துவிட்டது. இத்தனை நாள் தன்னோடு ஒரே வீட்டில் இருந்தவர் யார் என்பது தெரியாமல் அவரைக் குழிக்குள் இறக்க அவளால் முடியாது.

மறுபடி முதலிலிருந்து படித்தாள். போன வருஷத்துச் செய்தி ஒன்றில் கண் நின்றது. 'பழசு ஓடலை. புதுசுல போகச் சொல்றாங்க.' அப்பா: 'புதுசும் நான் மாட்டினதுதான். தைரியமா போங்க.'

லிஃப்ட்! அதுவும், 'போங்க' என்று மரியாதையோடு. அவள் ஸ்பானர் மாமாவைக் கூப்பிட்டாள். அப்பாவும் அவரும் ஒரே வேனில் காலம் தள்ளியவர்கள்.

"மாமா, பழைய லிஃப்டும் புதுசும் பக்கத்து பக்கத்துல இருக்கிற கட்டடம் எது?"

"இன்னிக்குப் போய் ஏம்மா இதெல்லாம்?" என்றார் அவர். "பெரிய தபால் ஆபீஸுக்கு எதிர்ல, பதினோரு மாடி. அது ஒண்ணுதான் அப்படி."

"அங்க யாருக்காவது அப்பா நம்பர் கொடுத்திருப்பாரா?"

"சேச்சே. சொந்த நம்பரைக் கொடுத்தா எங்க கம்பெனியில சீட்டைக் கிழிச்சுடுவான். ஒரு ஸ்க்ரூ கழண்டாலும் ஆபீஸுக்குத்தான் சொல்லணும். உங்கப்பாவா சட்டம் மீறுற ஆளு?"

அப்பாவுக்குப் போட வேண்டிய சட்டை இஸ்திரிக் கடையில் இருந்தது. வாங்கிவர அவளே போவதாகச் சொல்லிவிட்டுக் கிளம்பினாள். தபால் அலுவலகம் கடைக்கு அடுத்த தெருதான்.

ஹேங்கரில் தொங்கும் வெள்ளைச் சட்டையோடு அவள் அந்தக் கட்டடத்துக்குள் நுழைந்தபோது, வரவேற்பு மேசையில் ஒரு பெண் உட்கார்ந்து நிமிஷத்துக்கொரு தடவை போனைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அழகாகவும் இருந்தாள். இவள்தான் என்று இளையவள் முடிவே கட்டிவிட்டாள். தூணோரமாக நின்று அப்பாவின் போனிலிருந்து அழைத்தாள்.

அந்தப் பெண் அசையவில்லை. லிஃப்ட் கதவருகே நின்ற செக்யூரிட்டிதான் பதறிப்போய்ப் பையிலிருந்து போனை எடுத்து அமுக்கினார். ஆள் இரண்டு பேர் இடத்தை அடைத்துக்கொண்டு நின்றார். தடித்த மீசை. இடுப்பிலிருந்த வாக்கிடாக்கி கத்தியது: "மேல கதவைத் திறக்கலையா இன்னும்? எல்லாரும் வெளியிலயே நிக்கிறாங்க!"

"இதோ சார், இதோ போயிட்டே இருக்கேன்" என்றார் அவர். போகவில்லை. லிஃப்ட் வந்தது, திறந்தது, ஆட்களை ஏற்றிக்கொண்டு மூடியது. அவர் நெற்றியைத் துடைத்துக்கொண்டார்.

இளையவள் பக்கத்தில் போனாள். "நீங்க இன்னும் ஏறலையா?"

அவர் முகம் வெளுத்தது. பிறகு அவள் கையிலிருந்த, கறுப்பு டேப் ஒட்டிய போனைப் பார்த்தார். "இது அவரோடது."

"நான் அவர் பொண்ணு."

"இருட்டுக்குப் பயப்படுற பொண்ணா?" என்றார் அவர், தெரிந்த ஆளைப் பார்த்த சந்தோஷத்தில்.

அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. "யாரு சொன்னாங்க?"

"அவர்தாம்மா. ஒருநாள் கரண்ட் போய் உள்ள மாட்டிக்கிட்டேன். இந்த உடம்பை வச்சுக்கிட்டு சின்னப் புள்ள மாதிரி கத்தினேன். அவர் வந்து கதவுக்கு வெளியில நின்னு, வேலை பாத்துக்கிட்டே பேசிக்கிட்டிருந்தார். நிறுத்தவே இல்ல. எல்லாம் உங்களைப் பத்திதான். சின்ன வயசுல நீங்க இருட்டுல தூங்க மாட்டீங்களாமே? உள்ள வந்தா தூங்காம விளையாடுவீங்கன்னு, இவர் அறைக்கு வெளியில நின்னு 'கூடவே இருக்கேன், கூடவே இருக்கேன்'னு சொல்லிக்கிட்டே இருப்பாராம். நீங்க தூங்கினது தெரியாம கால் கடுக்க நின்ன நாளெல்லாம் உண்டாம். அதைச் சொல்லிட்டு, 'அதே மாதிரிதான், நான் இங்கயே இருக்கேன்'னார்."

அவளுக்கு அது சுத்தமாக நினைவில் இல்லை. எவ்வளவு தேடினாலும் வரவில்லை.

"அதுக்கப்புறம் லிஃப்டைப் பாத்தாலே எனக்குக் கை கால் உதறும். மூட்டு போயிடுச்சு, படி ஏற முடியாது. ஏறும்போதும் இறங்கும்போதும் மெசேஜ் போடுங்கன்னு அவரேதான் நம்பரைக் கொடுத்தார். லிஃப்டுக்குப் பயப்படுற செக்யூரிட்டியை எவன் வேலைக்கு வச்சுக்குவான்? அதான் பேரு போடாம அனுப்புவேன். அவரும் கம்பெனிக்குத் தெரிஞ்சா வம்புன்னார்." அவர் குரலைத் தாழ்த்தினார். "இன்னிக்கு ஏன் பதிலே இல்ல? லீவா? என் மேல கோபமா?"

இளையவள் கையிலிருந்த சட்டையைப் பார்த்தாள். "நேத்து சாயங்காலம் தவறிட்டார்."

அவர் தொப்பியைக் கழற்றினார். வாக்கிடாக்கி மறுபடி கத்தியது. அவர் அதை அணைக்கவும் இல்லை, பதில் சொல்லவும் இல்லை.

"வாங்க, நான் கூட வரேன்" என்றாள்.

"வேண்டாம்மா." கண்ணைத் துடைத்துக்கொண்டார். "ரெண்டு பேரும் உள்ள மாட்டிக்கிட்டா யாருக்கு என்ன லாபம்? வெளியில ஒருத்தர் இருக்கணும். அதான் அவர் கணக்கு."

லிஃப்ட் வந்து திறந்தது. அவர் அவள் எதிரிலேயே நின்று, பெரிய விரலால் மெதுவாகத் தட்டினார். அப்பாவின் போன் சிணுங்கியது. 'ஏறப் போறேன்.'

அவள் 'சரி' என்று அனுப்பினாள். அவர் படித்துவிட்டு உள்ளே போனார். கதவு மூடியது. மேலே எண்கள் ஒவ்வொன்றாக எரிந்தன. ஐந்தில் நின்றது. நகரவில்லை. அவள் அவசரமாகத் தட்டினாள்: 'கூடவே இருக்கேன்.' அனுப்பிய பிறகு அவளால் அந்த எழுத்துகளைப் பார்க்க முடியவில்லை. சட்டையில் படாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டு அழுதாள். வரவேற்புப் பெண் எழுந்து வந்து தண்ணீர் கொடுத்தாள்.

'முடிஞ்சுது' என்று வந்தபிறகுதான் கிளம்பினாள்.

வீட்டு வாசலிலேயே பெரியவன் மடக்கினான். "என்ன ஆச்சு? யாரு அவ?"

"ஆம்பளை. மீசை வேற வச்சிருக்கார்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

சாயங்காலம் கூட்டம் அதிகமில்லை. பல் டாக்டர் வந்திருந்தார். ஸ்பானர் மாமா குழியோரம் நின்று, கயிறு பிடித்தவர்களிடம், "மெதுவா, ரெண்டு பக்கமும் சமமா விடுங்கப்பா" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். பெட்டி கீழே போக ஆரம்பித்தபோது இளையவளின் பைக்குள் போன் சிணுங்கியது.

"ஆஃப் பண்ணு" என்று பெரியவன் பல்லைக் கடித்தான்.

அவள் எடுத்துப் பார்த்தாள். 'மேல பூட்டிட்டேன். இறங்கப் போறேன்.'

அம்மா திரும்பினாள். அழுது அழுது முகம் வீங்கியிருந்தது. "யாருடி அது, காலையிலேர்ந்து?"

"அப்பாவுக்குத் தெரிஞ்சவர்மா. லிஃப்ட்ல வராராம்."

அம்மா குழியைப் பார்த்தாள். "பாத்து வரச் சொல்லு" என்றாள்.

இளையவள் 'சரி' என்று அனுப்பிவிட்டு, போனைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றாள். கீழே பெட்டி தரையைத் தொட்டது. கயிறுகளைத் தளர்த்தி, ஒவ்வொன்றாக மேலே இழுத்தார்கள்.