உறையாத பாகு

1

இதை நானாக எழுத வரவில்லை. பேராசிரியர் வீசிங்கர் இறந்து ஒரு வருஷமாகிறது. மாணவர்கள் நினைவு மலர் போடுகிறார்கள். "யோஸ்ட், முப்பது வருஷம் அவர் ஆய்வுக்கூடத்துல குடுவை கழுவினீங்க. ரெண்டு பக்கம் எழுதிக் குடுங்க. தாடியைப் பத்தி மட்டும் வேணாம், மரியாதையா இருக்காது" என்றார்கள்.

தாடி இல்லாமல் இந்தக் கதையே இல்லை. அதனால் மலருக்குக் கொடுக்கவில்லை. உங்களிடம் தருகிறேன். உங்களையும் நான் முழுசாக நம்பவில்லை. ஆனாலும் நீங்கள் மலர்க்குழு இல்லை.

முதல் தொடக்கம்: "லான் ஆற்றங்கரையில் ஒரு மேதை தோன்றி..." அடித்துவிட்டேன். தோல் பதனிடுகிறவர் மகன் அவர்; தோன்றவெல்லாம் இல்லை.

இரண்டாவது: "சர்க்கரை என்பது வேதியியலில்..." நான் படித்தது நாலு வகுப்பு. இது எனக்கு எதற்கு?

2

நடந்ததைச் சொல்கிறேன். குதிரைப்படை காலி செய்த லாயம்தான் எங்கள் முதல் ஆய்வுக்கூடம். அங்கே பிர்ச் மரப்பட்டையிலிருந்து அவர் ஒரு புதுச் சர்க்கரை எடுத்தார். வெள்ளை வெளேரென்று படிகம். (நாக்கில் வைத்துப் பார்த்தார், எனக்கும் கொடுத்தார். அப்போதெல்லாம் எதையும் நக்கிப் பார்த்துத்தான் எழுதுவார்கள். அதிலேயே போய்ச் சேர்ந்தவர்கள் பெயர் எந்த மலரிலும் வராது.) எதனால் ஆனது என்று பார்க்க, இருந்ததையெல்லாம் எரித்தார். கண்டதைப் பத்திரிகைக்கு எழுதினார்.

பிறகு கல் கட்டடம் கட்டிக் கொடுத்தார்கள். திறப்பு விழாவுக்கு முன்னால் அவர் மனைவி ஓட்டிலி அம்மா தாடியை மழிக்க வைத்தார்.

"எலி குடித்தனம் பண்ணுது அதுல. உன் ஏப்ரனும் இந்த வாசப்படி தாண்டக் கூடாது யோஸ்ட். தாண்டினா அடுப்புதான்!"

புதுக் கட்டடத்தில் ஒவ்வொரு குடுவையையும் அமிலம் விட்டு மூன்று தடவை கழுவினேன். அதற்குப் பிறகு எத்தனை தடவை புதிதாக எடுத்தும் அந்தச் சர்க்கரை உறையவே இல்லை. இரண்டு வருஷம் பாகாகவே கிடந்தது. வடக்கே ஒரு பேராசிரியர் அச்சில் போட்டார்: இந்தச் சர்க்கரை வீசிங்கரின் தலைக்குள் மட்டும்தான் இருக்கிறது, வெளியே இருந்தால் காட்டட்டும்.

3

அக்டோபரில் ஒரு காலை, ஒட்டி முத்திரை வைத்த கடிதம் ஒன்றை நீட்டினார்.

"மூணு மணித் தபாலுக்குப் போட்டுடு."

"என்னங்கய்யா எழுதியிருக்கீங்க?"

"தப்புப் பண்ணிட்டேன்னு. அப்படி ஒரு சர்க்கரையே இல்லன்னு."

"நான் நக்கிப் பாத்தேனே! இனிச்சுதே!"

"உன் நாக்கை எந்தப் பத்திரிகையிலப்பா போடுறது?"

சிரித்தார். மோவாயைத் தடவினார், தாடி இன்னும் அங்கே இருப்பது போல. அந்தக் கை வெறுமையாக இறங்கியதைப் பார்த்ததும்தான் எனக்கு...

(நிறுத்துகிறேன். இந்த யோஸ்ட் மீது எனக்கே சந்தேகம். குடுவை கழுவுகிறவனுக்கு யோசனை எங்கிருந்து வரும்? வாயால் சொன்னபோது மலர்க்குழுவும் அதைத்தான் கேட்டது. வந்தது சமையலறையிலிருந்து. புளித்த பால் பானையை என் மனைவி கழுவவே விடமாட்டாள். "அடியில ஒட்டினது இருந்தாத்தான்யா அடுத்த பால் உறையும்!" எனக்குத் தெரிந்த வேதியியல் அவ்வளவுதான்.)

லாயத்தில் எல்லாவற்றிலும் அந்தச் சர்க்கரைத் தூசி படிந்திருந்தது. உத்தரத்தில், அவர் தாடியில், என் ஏப்ரனில். லாயத்தை இடித்துவிட்டார்கள். தாடி போய்விட்டது. குடுவையில் ஒட்டியிருந்ததைக் கழுவித் தொலைத்தவன் நான்.

[கடைசி வரியை மூன்று முறை அடித்தேன். இருக்கட்டும்.]

4

ஏப்ரன் மட்டும் துவைக்காமல் என் வீட்டில் கோழிக்கூண்டின் மேல் கிடந்தது. மாட்டிக்கொண்டு, கடிதம் சட்டைப்பையில் இருக்க, படியேறினேன். வாசலில் ஓட்டிலி அம்மா.

"யோஸ்ட்! நான் என்ன சொன்னேன்?"

"அடுப்புன்னு சொன்னீங்கம்மா. அஞ்சு நிமிஷம் கழிச்சுப் போடுங்க. என்னையும் சேத்துப் போடுங்க."

என்னைப் பார்த்தார். சட்டைப்பையில் நீட்டிக்கொண்டிருந்த கடிதத்தைப் பார்த்தார். ஒதுங்கி வழிவிட்டார்.

உள்ளே பாகுக் கிண்ணத்துக்கு மேலே ஏப்ரனைப் பிடித்து உதறினேன்.

"பைத்தியமாடா உனக்கு? சுத்தமான பாகுடா அது!"

"சுத்தந்தாங்கய்யா சனியன்!"

தூசி விழுந்தது. கூடவே ஒரு கோழி இறகும். அவர் இடுக்கியால் இறகை எடுத்துப் போட்டார். படிகம் பிடிக்கட்டுமென்று கண்ணாடிக் கோலால் கிண்ணத்தின் உள் ஓரத்தைக் கீறினார். மூன்று பேரும் குனிந்து பார்த்தோம்.

5

முடிவு. "ஊசி ஊசியாக வெள்ளை பூத்தது, ஓட்டிலி அம்மா கண்ணைத் துடைத்தார்" என்று ஒன்று எழுதினேன். ரொம்ப அழகாக இருக்கிறது, நானே நம்பமாட்டேன். மலரில் "அயராத பொறுமையின் பலன்" என்று போடுவார்கள். அதில் கோழி இறகு இருக்காது. "நான் தபாலுக்குக் கிளம்பி..." என்று இன்னொன்று. அதை முடிக்கக் கை வரவில்லை.

நீங்களே முடித்துக்கொள்ளுங்கள். என்னிடம் இருப்பதை மட்டும் சொல்கிறேன். அந்தக் கடிதம் என் மேசை இழுப்பறையில் இருக்கிறது, முத்திரை உடையாமல். கிண்ணத்தில் இருந்ததில் கொஞ்சம், அவர் கையாலேயே ஒரு சின்னக் குப்பியில் போட்டு அடைத்துக் கொடுத்தது, என் முன்னால் நிற்கிறது. இந்த மேசைக்கு ஒரு கால் குட்டை. எழுத எழுத ஆடுகிறது. ஆடும்போதெல்லாம் குப்பிக்குள் கலகலவென்று சத்தம் கேட்கிறது.

பாகு எங்கேயாவது கலகலக்குமா?