பதியாத பெயர்

தோட்ட ஆபீசில் அறிவிப்பு ஒட்டிய மறுவாரமே தொழிலாளர் லயத்தில் நாலு குடும்பம் கப்பலுக்குப் பெயர் கொடுத்துவிட்டது. மலேசியாவில் 1970ஆம் ஆண்டு அது. குடியுரிமை இல்லாதோருக்கான சிவப்பு அடையாள அட்டை, சிவப்பு ஐசி, வைத்திருப்பவர்கள் பெர்மிட் இல்லாமல் இனி ரப்பர் மரத்தைப் பாலுக்கு வெட்டக்கூடாது என்று உத்தரவு. பெர்மிட் கிடைக்காதவர்களுக்கு நாகப்பட்டினம்தான் என்று காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் பேசிக்கொண்டார்கள்.

செல்லாயி நாகப்பட்டினத்தைப் பார்த்ததே இல்லை. சுங்காய்க்குப் பக்கத்தில் இருந்த அந்தத் தோட்டத்திலேயே பிறந்தவள். ஆனாலும் அவள் ஐசி சிவப்புதான். பன்னிரண்டு வயதில் அதை எடுக்கப் போனபோது, பிறப்புப் பத்திரமான சூராட் தொலைந்துவிட்டது என்று அப்பா சின்னையா சொல்லிவிட்டார். இப்போது அதே சூராட்டைத் தகரப் பெட்டியின் அடியிலிருந்து எடுத்து அவள் முன்னால் வைத்தார்.

"தொலைஞ்சிருச்சின்னு சொன்னீங்களேப்பா."

"இதக் கொண்டு போய் ஈப்போ ஆபீஸ்ல காட்டு. குடியுரிமையோட நீல ஐசி குடுப்பாங்க. யாரு கேட்டாலும் நான்தான் செல்லாயின்னு சொல்லு."

"நான்தானே செல்லாயி?"

சின்னையா பெட்டியை மூடினார். பிறகு தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். அந்தச் சூராட்டில் இருந்த செல்லாயி அவளுடைய அக்கா. பதினோரு மாதத்தில் காய்ச்சல் கண்டு போய்விட்டாள். அதற்கு முன்னால் இரண்டு ஆண் பிள்ளைகளும் போயிருந்தன. நாலாவதாக இவள் பிறந்ததும் குப்பைமேட்டில் ஒரு புரட்டு புரட்டி, பக்கத்து வீட்டுக் கருப்பம்மாளிடம் கொடுத்துவிட்டு, ஒரு படி தவிட்டைக் கொடுத்து மறுபடி வாங்கிக்கொண்டார்கள். பிச்சை என்று பெயர் வைத்தார்கள். வீட்டில் எல்லாரும் இன்றுவரை அவளை அப்படித்தான் கூப்பிட்டார்கள். அதைச் செல்லப் பெயர் என்றே அவள் நினைத்திருந்தாள்.

"உன் பேர எங்கியும் எழுதக் குடுக்கல. எழுதினா எமன் படிச்சிருவான்னு பயம். ஸ்கூல்ல கேட்டாங்க, அக்கா பேரக் குடுத்தேன். அந்தப் பேர்ல ஒரு உசுர ஏற்கெனவே எடுத்தாச்சி. திரும்ப வரமாட்டான். ஐசி எடுக்கறப்ப செத்த புள்ள சூராட்டக் காட்டப் பயந்துதான் தொலைஞ்சிருச்சின்னேன்."

இத்தனை வருடம் செத்த பிள்ளையின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டபோதெல்லாம் அவள் திரும்பிப் பார்த்திருக்கிறாள். வயதுகூடத் தனது இல்லை. இருபத்து நாலு என்று ஐசி சொன்னது, உண்மையில் இருபத்தொன்று. இந்தச் சூராட்டைக் காட்டி மாட்டிக்கொண்டால் ஜெயில். காட்டாவிட்டால் கப்பல்.

ஈப்போ பஸ்ஸில் வழியெல்லாம் நான் செல்லாயி, நான் செல்லாயி என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டே போனாள்.

ஆபீசில் மலாய் அதிகாரியின் மேசைமேல் பெயர்ப் பலகை இருந்தது. எழுத்துக் கூட்டிப் படித்தாள். யூசோப் பின் புவாங். மலாயில் புவாங் என்றால் தூக்கி எறிவது. ஒட்டுப்பால் வாளியில் விழுந்த குப்பையை 'புவாங்' பண்ணச் சொல்லி வேலையை மேற்பார்க்கும் மண்டோர் தினமும் கத்துகிற வார்த்தை. இது என்ன சகுனம் என்று அவள் பயந்தாள்.

அதிகாரி சூராட்டைப் பார்த்தார். அவள் முகத்தைப் பார்த்தார். "உன் பெயர் என்ன?" என்று மலாயில் கேட்டார்.

அவள் பெயர்ப் பலகையையே பார்த்தாள். அவர் மறுபடியும் கேட்டார்.

"இது என்னோடது இல்ல துவான்," என்றாள் அவள் மலாயில். "செத்துப்போன அக்காவோடது." ஆரம்பித்ததும் நிறுத்த முடியவில்லை. குப்பைமேடு, தவிடு, பிச்சை எல்லாவற்றையும் சொல்லி முடித்தாள். போலீஸைக் கூப்பிடுவார் என்று வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பிச்சை என்றால்?"

"செடெக்கா, துவான்."

அவர் பேனாவை மூடினார். "என் தாத்தாவுக்கு நாலு பிள்ளைகள் செத்தன. ஐந்தாவதை முறத்தில் வைத்துப் பாதையோரம் போட்டார்கள். அத்தை வந்து எடுத்துப் போனாள். அதுதான் என் அப்பா. அவருக்கு அறுபத்தெட்டு வயது. இன்னும் புவாங்தான்."

அவள் மூச்சு விடுவதற்குள் அவர் அந்தச் சூராட்டை மேசை இழுப்பறையில் வைத்துப் பூட்டினார். "இதை உன்னிடம் திருப்பித் தரமுடியாது. நீ இங்கே பிறந்ததை அறிந்தவர், எழுதப் படிக்கத் தெரிந்தவர் ஒருவர் வந்து சத்தியம் செய்யவேண்டும். இரண்டு வாரம். அதற்குமேல் போனால் இதைப் பற்றி மேலிடத்துக்கு நான் எழுதி அனுப்பியே ஆகவேண்டும்."

இருந்த ஒரு காகிதமும் போய்விட்டது. வெளியே வந்து படிக்கட்டில் உட்கார்ந்து அழுதாள்.

அவள் பிறந்த காலத்தில் தோட்டத்தில் கணக்கெழுதும் கிராணியாக இருந்தவர் ஞானசேகரம். யாழ்ப்பாணத்துக்காரர். வேலையை விட்டபின் குனோங் ராபாட்டில் வீடு வாங்கிக்கொண்டு இருந்தார். மறுநாள் விசாரித்துக்கொண்டு அங்கே போனாள். சின்னையா மகள், பிறந்ததற்குச் சத்தியம் செய்ய ஆள் வேண்டும் என்றதும் அவர் முகம் வெளுத்தது.

"பிள்ளை, பிறப்பைப் பதியிற போர்மை அனுப்புறது என்ர வேலை. உன்ர கொப்பர் என்ர காலிலை விழுந்து அழுதவர். நான் அனுப்பேல்லை. இப்ப போய்ச் சத்தியம் பண்ணினால் அதை ஏன் மறைச்சனி எண்டு கேப்பினம். மகன் கவுர்மெண்ட் வேலைக்கு எழுதிப் போட்டிருக்கிறான்."

"என்னைக் கப்பல்ல ஏத்திருவாங்க ஐயா."

அவர் எழுந்து உள்ளே போய்விட்டார். அவளையும் அவளுடைய அப்பாவையும் போலவே அவரும் பயந்திருக்கிறார் என்று அவளுக்குப் புரிந்தது. அவர் மனைவி அன்னபாக்கியம் தேத்தண்ணி கொண்டுவந்து வைத்தார். பிறகு அறைப் பக்கம் திரும்பி, "நடந்ததைத்தானே சொல்லப் போறியள்? இவளை அனுப்பிப்போட்டு உங்களுக்கு நித்திரை வருமோ?" என்று மட்டும் கேட்டார்.

செல்லாயி வீடு திரும்பி நாட்களை எண்ணினாள். பெர்மிட் இல்லாததால் மண்டோர் அவளை மரம் வெட்ட விடவில்லை. பதினோராம் நாள் தோட்டத்துக்குத் தந்தி வந்தது: நாளைக் காலை ஈப்போ ஆபீசுக்கு வா.

ஞானசேகரம் கோட்டுப் போட்டுக்கொண்டு வந்திருந்தார். கையெழுத்துப் போடும்போது மை சிந்தியது. பிறப்புப் பதிவுப் படிவம் ஏன் போகவில்லை என்று யூசோப் கேட்டார். "பயம் துவான். இவள் அப்பாவுக்குப் பயம், எனக்கு இரக்கம்," என்றார். யூசோப் அதை அப்படியே எழுதிக்கொண்டார்.

ஏழு மாதம் கழித்துப் பிறப்பைப் பதியக் கூப்பிட்டார்கள். அந்த ஏழு மாதத்தில் பக்கத்து வீட்டுக் கருப்பம்மாள் குடும்பம் கப்பல் ஏறிப் போயிருந்தது. சின்னையாவும் மகளோடு ஈப்போவுக்கு வந்தார்.

"என்ன பெயர் எழுதட்டும்?" என்று யூசோப் கேட்டார். "எது வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம்."

அப்பா அவள் கையைப் பிடித்துக்கொண்டார். "வேற எதாச்சும் சொல்லு தாயீ. அந்தப் பேரு வேணாம்லா."

அவளுக்கும் பயமாகத்தான் இருந்தது. இருந்தாலும் வேறொரு பெயர் அவளுக்குத் தெரியவில்லை.

"பிச்சை," என்றாள்.

வெளியே வந்தபின் புதுச் சூராட்டைத் தொட்டுப் பார்க்கக்கூடச் சின்னையா ஒப்பவில்லை. பஸ்ஸில் மகள் பக்கம் திரும்பாமல் ஜன்னலையே பார்த்துக்கொண்டு வந்தார். நீல ஐசி வந்தது, வேலையும் திரும்பக் கிடைத்தது. ஆனால் அதன்பின் ஒரு வருடம் முழுவதும் பெரட்டுக்குச் சங்கு ஊதுமுன் அவர் எழுந்து வந்து, தூங்கும் மகளின் மூக்கருகே புறங்கையை வைத்துப் பார்த்துவிட்டுத்தான் அடுப்பு மூட்டப் போனார். விழித்திருந்த நாட்களிலும் பிச்சை கண்ணைத் திறக்கவில்லை. அவர் கையில் படும்படி கொஞ்சம் பலமாக மூச்சு விட்டாள்.