தூக்குச் சட்டியில் எலுமிச்சை ஐஸ்

அண்ணிக்கு வாசனை தெரியாமல் போய்விட்டது என்பதை வீட்டில் முதலில் கண்டுபிடித்தவன் கொழுந்தன்தான்.

அவனுக்கு மீன்கடையில் வேலை. பெட்டியில் ஐஸைக் கொட்டி, மேலே மீனை அடுக்கி, மறுபடி ஐஸைக் கொட்டி மூட வேண்டும். சோப்புப் போட்டு எத்தனை தரம் தேய்த்தாலும், அவனுக்கு முன்னால் அந்த வாடைதான் வீட்டுப் படியேறும். கதவைத் திறந்ததும் அண்ணி மூக்கைப் பிடித்துக்கொண்டு, "வாங்க கொழுந்தனாரே, கடலையே தூக்கிட்டு வந்துட்டீங்க. முதல்ல போய்க் குளி" என்பாள். தெரியாத நாட்டுக்கு வந்து சேர்ந்த நாளிலிருந்து அவனுக்குக் கிடைத்த தினசரி வரவேற்பு அது. அதைக் கேட்டால்தான் வீட்டுக்கு வந்த மாதிரி இருக்கும்.

காய்ச்சலில் படுத்து எழுந்த வாரத்தில் ஒருநாள் அவள் கதவைத் திறந்தாள். மூக்கைப் பிடிக்கவில்லை. "வா தம்பி, சாப்பிடு" என்று தட்டை வைத்தாள்.

அவன் தட்டைத் தொடவில்லை. சும்மாவே எதற்கும் பதறுகிறவன். வீட்டில் அவனுக்குப் பெயரே பதட்டம்தான்.

"அண்ணி, என் மேல வாடை வரலையா?"

"வரலையே" என்றவள் அப்படியே நின்றாள். அவன் சட்டைக் கையை இழுத்து மோந்து பார்த்தாள். சோப்பை மோந்தாள். மிளகுத்தூள் டப்பாவுக்குள் மூக்கையே விட்டாள். கடைசியாக உப்பை விரல் நுனியில் எடுத்து நாக்கில் வைத்தாள்.

"மணல் மாதிரி இருக்கு" என்றாள்.

வேறு ஒருத்தி என்றால் போகட்டும் என்று விட்டுவிடலாம். அண்ணி சமையற்காரி. ஒரு பள்ளிக்கூடத்துச் சமையலறையில் ஆள் எடுக்கிறார்கள் என்று எத்தனையோ நாள் நடையாக நடந்ததில், வரும் திங்கட்கிழமை காலை வந்து ஒரு பாத்திரம் சமைத்துக் காட்டச் சொல்லியிருந்தார்கள். தலைமைச் சமையற்காரியின் கண் முன்னால் சமைத்து, தானே உப்பு பார்த்து, 'இறக்கலாம்' என்று சொல்ல வேண்டும். டாக்டரோ, "தானா வரும், எப்போ வரும்னு சொல்ல முடியாது" என்று அனுப்பிவிட்டார்.

அன்றிலிருந்து வீட்டில் உப்பு பார்க்கும் வேலை அண்ணனுக்கு வந்தது. அண்ணன் டாக்ஸி ஓட்டுகிறவன். தெருவில் யாருக்கும் வழி விடமாட்டான். வீட்டில் பெண்டாட்டி முகம் வாடினால் மட்டும் தாங்கமாட்டான். கரண்டியை நீட்டி, "பாருங்க" என்பாள். நாக்கில் படுவதற்குள், "அருமை" என்பான். கொழுந்தனும் தலையை ஆட்டுவான். ஒருநாள் அவள் மறந்துபோய் இரண்டு தரம் உப்புப் போட்டுவிட்டாள். இரண்டு பேரும் வழித்துச் சாப்பிட்டுவிட்டுக் குழாயடியில் முறை வைத்துத் தண்ணீர் குடித்தார்கள்.

"என்ன, அண்ணனும் தம்பியும் ஒட்டகம் மாதிரி குடிக்கிறீங்க?"

"வெயில்மா" என்றான் அண்ணன். வெளியே மழை கொட்டிக்கொண்டிருந்தது.

திங்கட்கிழமைக்கு முந்தின நாள் அவள் ஒரு முடிவுக்கு வந்திருந்தாள். "சாயங்காலம் அந்தப் பள்ளிக்கூடத்து அம்மாவுக்கு போன் பண்ணி வரலைன்னு சொல்லிடுறேன். உப்பு பார்க்கத் தெரியாதவளுக்கு எதுக்குக் கரண்டி?" என்றாள். அழவில்லை. அழுதிருந்தாலாவது ஏதாவது சொல்லித் தேற்றியிருக்கலாம்.

முன்பு ஒருதரம் அவள் சொன்னது கொழுந்தன் மனதில் ஒட்டிக்கொண்டிருந்தது. "சூடு தெரியுது, ஜில்லுன்னா தெரியுது. மத்ததெல்லாம் நனைஞ்ச பஞ்சு." குளிர்ச்சிக்குக் கதவு திறந்திருக்கிறது என்றால், அதன் முதுகில் புளிப்பை ஏற்றி அனுப்பிப் பார்த்தால் என்ன?

கடையில் மீன் வாங்குகிறவர்களுக்குக் கொடுக்க எலுமிச்சை குவித்து வைத்திருப்பார்கள். தோல் சுருங்கியவற்றை முதலாளி அவனை எடுத்துக்கொள்ளச் சொன்னார். சனிக்கிழமை இரவே அவற்றைப் பிழிந்து, சர்க்கரைப் பாகில் கலந்து, வீட்டு ஃப்ரிட்ஜின் ஐஸ் அறையில் வைத்திருந்தான். அந்த அறைக்குக் கதவே கிடையாது. உடைந்த இடத்தில் அட்டையை வைத்து டேப் ஒட்டியிருந்தது. காலையில் எடுத்துப் பார்த்தால் பாகு பாகாகவே கிடந்தது.

"டேய் பதட்டம், தண்ணிய ஊத்து, ஜூஸா குடிச்சிருவோம்" என்றான் அண்ணன்.

அன்று அவனுக்கு அரை நாள் வேலை. திரும்பும்போது தோளில் ஒரு கோணிப்பை நிறைய ஐஸ். மெஷினிலிருந்து விழுந்ததை நேராகப் பிடித்தது, மீன் படாதது. கையில் கல்லுப்பு. இறால் பெட்டிக்கு மட்டும் கடையில் ஐஸோடு உப்பைக் கலப்பார்கள். அந்த ஐஸ் மற்ற ஐஸைப் போலச் சும்மா குளிராது, கையுறையைத் தாண்டி விரலைக் கடிக்கும். அந்தக் கடி அவனுக்குக் கைப்பழக்கமாகத் தெரியும். அதை வீட்டுக்குக் கொண்டுவரலாம் என்று அன்றைக்குத்தான் தோன்றியது.

துணி துவைக்கும் வாளியைக் கழுவிக் கவிழ்த்தான். புதுப் பாகு காய்ச்சி ஆறவைத்தான். எலுமிச்சைத் தோலைத் துருவ ஆரம்பித்ததும், நாற்காலியில் பேசாமல் உட்கார்ந்திருந்த அண்ணி எழுந்து வந்தாள்.

"வெள்ளை வருது பாரு. மஞ்சள் போதும், வெள்ளை கசக்கும். கொடு இங்க."

துருவலைச் சர்க்கரையோடு சேர்த்து விரலால் நசுக்கினாள். சர்க்கரை ஈரமாகி மஞ்சள் பூத்தது. அடுப்படி முழுக்க எலுமிச்சை மணம் எழுந்தது. அவளைத் தவிர எல்லோருக்கும் வந்தது. அவள் விரலை மூக்கருகே கொண்டுபோய், மோந்து பார்த்துவிட்டுக் கழுவிக்கொண்டாள்.

சாற்றையும் பாகையும் எவர்சில்வர் தூக்குச் சட்டியில் ஊற்றி மூடியை அழுத்தினான். வாளியில் ஐஸ், அதன்மேல் உப்பு, மறுபடி ஐஸ், மறுபடி உப்பு. மீனை அடுக்குகிற அதே கை. நடுவில் தூக்கை இறக்கி, பிடியைப் பிடித்து இப்படியும் அப்படியுமாகத் திருப்பத் தொடங்கினான்.

முதலில் உள்ளே தண்ணீர் சளக் சளக் என்றது. வாளிக்கு வெளியே வியர்த்தது. பார்த்துக்கொண்டிருக்கும்போதே வியர்வை வெளுத்து, நகத்தால் கீறினால் தூளாக உதிரும் பனியாக மாறியது. அண்ணன் விரலை வைத்துவிட்டு வெடுக்கென்று இழுத்துக்கொண்டான்.

"கரண்ட் இல்ல, மோட்டார் இல்ல. எப்படிடா?"

"ஐஸ் உருகுதுண்ணே."

"உருகினா குளிர் குறையணும்ல?"

"உப்பு போட்டு உருகினா கூடுது."

"ஏன்?"

"தெரியாதுண்ணே. ஆனா கூடுது."

திருப்பத் திருப்பச் சத்தம் மாறியது. சளக் என்றது கொழகொழவென்று ஆனது, பிறகு ஈர மணலைக் கிளறுகிற சத்தம். மூடியைத் திறந்தபோது மூன்று பேரும் குனிந்தார்கள். தூக்கின் சுவரெல்லாம் வெள்ளை. கண்ணாடி போல இருந்த தண்ணீர், சுவரில் தொட்ட இடத்திலெல்லாம் ஊசி ஊசியாகப் பூத்து நின்றது. ஒவ்வொரு ஊசிக்கும் கிளை, கிளைக்குக் கிளை. கரண்டியால் சுரண்டினால் சரசரவென்று விழுந்தது. விழுந்த இடத்தில், கண் எதிரே, மறுபடி பூத்தது. துவைக்கிற வாளிக்குள் இப்படி ஒன்று நடக்கும் என்று அவன் நினைத்ததே இல்லை. தினம் தினம் ஐஸை அள்ளுகிறவன், ஐஸ் பிறக்கிறதை அன்றைக்குத்தான் பார்த்தான்.

சுரண்டி மூடி, திருப்பி, மறுபடி திறந்து பார்த்து, மறுபடி சுரண்டி. கை மரத்துப்போனது. அந்தப் பரவசத்தில் வாளியில் உருகிய தண்ணீரை வடிக்க மறந்துபோனான்.

முதல் கிண்ணம் அண்ணிக்கு. மேலாக அள்ளி, குவித்து, ஸ்பூனோடு நீட்டினான். ஏதோ பரீட்சை முடிவைப் பார்க்கிறவன் போல அவள் வாயையே பார்த்துக்கொண்டு நின்றான்.

அவள் ஒரு வாய் வைத்தாள். கண்ணைச் சுருக்கினாள். இன்னொரு வாய் வைத்தாள்.

"உப்பு" என்றாள்.

"உப்பா?" என்றான் அண்ணன். "இதுல ஏதும்மா உப்பு? எலுமிச்சையும் சர்க்கரையும்தானே." அவள் கிண்ணத்திலிருந்தே ஒரு ஸ்பூன் எடுத்து வாயில் போட்டான். ஒரு கணம் அவன் முகம் ஓரமாக இழுத்துக்கொண்டது. கொழுந்தன் அதைப் பார்த்துவிட்டான். அடுத்த கணமே பழகிய பதில் வந்தது. "அருமையா இருக்கும்மா. உப்பெல்லாம் ஒண்ணும் இல்ல."

அண்ணி கிண்ணத்தை மெல்லக் கீழே வைத்தாள்.

"சரி. இருக்கிறது தெரியலைன்னு இருந்தேன். இப்ப இல்லாததையும் சொல்ல ஆரம்பிச்சிருச்சு இந்த நாக்கு" என்று சொல்லிவிட்டு மேஜை மேல் இருந்த போனை எடுத்தாள்.

கொழுந்தனும் கிண்ணத்தை எடுத்து ஒரு வாய் வைத்தான். கரித்தது. கடல் தண்ணீர். வாளியைப் பார்த்தான், உருகிய உப்புத் தண்ணீர் தூக்கின் மூடி விளிம்பு வரை ஏறி நின்றது. உண்மையைச் சொன்னால் அண்ணன் சொன்னது பொய்யென்று ஆகும். இந்த ஒன்று மட்டுமல்ல, தான் தலையாட்டியது உட்பட இத்தனை நாள் சொன்ன அத்தனை அருமையும் பொய்யென்று ஆகும். சொல்லாவிட்டாலோ, அவள் வேலையை வேண்டாமென்று சொல்லிவிடுவாள்; விரல் இப்போதே நம்பரைத் தேடிக்கொண்டிருக்கிறது.

"பொய் சொல்லாதண்ணே" என்றான். "அண்ணி, உப்புதான். மூடி வழியா வாளித் தண்ணி உள்ள போயிருக்கு. நல்லா கரிக்குது."

அண்ணனின் முகத்தில் ஈயாடவில்லை.

அண்ணி போனைக் கீழே வைக்கவில்லை. இன்னொரு கையால் கிண்ணத்தை இழுத்து, ஸ்பூனில் கொஞ்சமாக எடுத்து, நாக்கின் நடுவில் வைத்துக் கண்ணை மூடினாள். வாளியில் ஐஸ் சரிந்து விழுந்தது.

"உப்பு" என்றாள் மறுபடி, ரொம்ப மெதுவாக, கதவுக்கு வெளியே யாரோ நிற்கிறார்கள் என்பது போல. "அதுக்குப் பின்னாடி என்னமோ கூசுது."

"அது வந்து—"

"சொல்லாத. நானே சொல்றேன்."

இரண்டு பேரும் காத்திருந்தார்கள்.

"புளிப்பு." கண்ணைத் திறந்தாள். கண் ஓரம் ஈரமாக இருந்தது. "புளிப்பு தம்பி. பல்லு வரைக்கும் வருது. இனிப்பு தெரியல. மணம் ஒண்ணும் இல்ல. ஆனா இது ரெண்டும் இருக்கு."

கொழுந்தன் தூக்கைத் துடைத்து, உப்புத் தண்ணீர் எட்டாத அடிப்பக்கத்திலிருந்து வேறு கிண்ணத்தில் சுரண்டிக் கொடுத்தான். அதையும் வைத்துப் பார்த்தாள். "இதுல உப்பு இல்ல."

"ஆமா, இல்ல" என்றான் அண்ணன், ருசி பார்த்து.

"நீங்க பேசாதீங்க. உங்க வாக்குக்கு இனிமே இந்த வீட்டுல மதிப்பில்ல. தம்பி, நீ சொல்லு."

"இல்ல அண்ணி. சத்தியமா இல்ல."

அவள் எழுந்து அடுப்பு மேலிருந்த மதியத்துப் பருப்புப் பாத்திரத்தைத் திறந்தாள். கரண்டி நுனியில் தொட்டு நாக்கில் வைத்தாள். அப்படியே சுவரைப் பார்த்து நின்றாள். தோள் குலுங்கியது. அழுகிறாள் என்று கொழுந்தன் பதறி ஓடினான். சிரித்துக்கொண்டிருந்தாள்.

"இதையா ரெண்டு பேரும் வழிச்சு நக்கினீங்க?"

"பசிம்மா" என்றான் அண்ணன் தலை நிமிராமல்.

"மாட்டுக்கு வெச்சா முட்டும்." இன்னொரு சொட்டு எடுத்து நாக்கில் வைத்தாள். கரிப்பு தெரிகிறதே என்று கரிப்பையே ருசிக்கிற மாதிரி இருந்தது. பிறகு போனைக் கொண்டுபோய்ச் சார்ஜில் சொருகினாள். "காலையில என்னைச் சீக்கிரம் எழுப்புங்க. கரண்டி எது நல்லதா இருக்குன்னு பாத்து வைக்கணும்."

உப்புக் கலந்த கிண்ணத்தை அவள் யாருக்கும் தரவில்லை. ஜன்னலோரம் உட்கார்ந்து, ஒவ்வொரு வாய்க்கும் நிறுத்தி நிறுத்தி, கரைகிற வரை வைத்திருந்து தின்றாள். நடுவில் கொழுந்தனைக் கூப்பிட்டு, சட்டைக் கையை இழுத்து மூக்கில் வைத்து ஆழமாக மூச்சு இழுத்தாள். அவன் அசையாமல் நின்றான்.

"ம்ஹூம். ஒண்ணும் வரல."

"வரும் அண்ணி."

"வரட்டும். நீ முதல்ல போய்க் குளி. எனக்கு வராட்டி என்ன, வீட்டுக்கு வருதுல்ல."