அட்டையில் இருந்த முகம்

கடைசிப் பெட்டியை லாரியிலிருந்து இறக்கிக்கொண்டிருந்தபோதுதான் ஆஸ்பத்திரிப் பக்கமிருந்து ஓலம் எழுந்தது. பெட்டி பெரியம்மாவின் தங்கை மகள் கையிலிருந்து நழுவி, ஓரம் பிய்ந்து, புத்தகங்கள் செம்மண்ணில் சரிந்தன. ஒவ்வொரு அட்டையிலும் பெரியம்மா சிரித்துக்கொண்டிருந்தாள்.

ஆஸ்பத்திரியில் பெரியம்மா போய்விட்டாள்; இனி அவள் பெயரை நான் சொல்ல முடியாது. துக்கம் முடிகிறவரை செத்தவர் பெயரை எங்கள் ஆதிகுடி ஊரில் யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை, படத்தையும் பார்ப்பதில்லை. ஓவியக் கூடத்தை நடத்திவந்த இந்தத் தங்கை மகளுக்கும் அதே பெயரைத்தான் வைத்திருந்தார்கள். அதனால் அந்த நிமிடமே அவள் பெயரும் போயிற்று. இனி எல்லோருக்கும் அவள் பேரில்லாதவள்.

பெரியம்மா சொல்லச் சொல்ல எழுதிய புத்தகம் அது. மாட்டுப்பண்ணையில் கூலிக்குப் பதிலாக மாவும் சர்க்கரையும் வாங்கிய பெண்கள் எப்படிப் படம் வரைய வந்தார்கள், சொந்தமாக எப்படிக் கம்பெனி வைத்தார்கள் என்பதெல்லாம் அதில் இருந்தது. கம்பெனியைத் தானே தொடங்கியதாக ஒரு ஓவியத் தரகன் நகரமெல்லாம் பெருமையடித்துத் திரிந்தான். அவனுக்குப் பெரியம்மா கொடுத்த பதில் இது. மறுநாள் பாலைவன நகரமான ஆலிஸ் ஸ்பிரிங்ஸில் வெளியீடு. இறந்தவர்களின் பெயரும் படமும் இதில் உண்டு என்ற எச்சரிக்கையை முதல் பக்கத்தில் போடச் சொல்லிப் பிடிவாதம் பிடித்தவளும் பெரியம்மாதான். அட்டையைப் பற்றி மட்டும் ஒருத்தருக்கும் தோன்றவில்லை. உயிரோடு உட்கார்ந்து டீ குடிக்கிறவளுக்கு யார் எச்சரிக்கை போடுவார்கள்?

பேரில்லாதவள் புத்தகங்களைக் கண்ணை மூடிக்கொண்டே குப்புறக் கவிழ்த்தாள். ஒரே ஒரு நாள் பொறுத்திருக்கக் கூடாதா என்று பெரியம்மாமேல் கோபம் கோபமாக வந்தது.

பெண்கள் கூடத்து வாசலில் உட்கார்ந்து, துக்கத்துக்கு நெற்றியில் பூச வெள்ளைக் களிமண் குழைக்கத் தொடங்கியிருந்தார்கள். செத்தவளின் தம்பி கிளிஃபோர்ட் மாமா நேராகப் பெட்டிகளிடம் வந்தார். கையில் மண்ணெண்ணெய் டின்.

"எல்லாத்தையும் எரிக்கிற குழிக்கு எடுத்துட்டு வா. அவ மூஞ்சி கடை கடையாத் தொங்கக் கூடாது."

அடிலெய்டுப் பதிப்பகத்திலிருந்து புத்தகத்தோடு வந்திருந்த ரோஸ்வின் குறுக்கே வந்து, பதிப்பகம் நொடிந்துபோயிருக்கிறது, இன்னொரு முறை அச்சடிக்கக் காசில்லை என்று கெஞ்சினாள். மாமா அவளைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"இதை எரிச்சா அந்தத் தரகன் சொல்றதுதான் மாமா நிக்கும்," என்றாள் பேரில்லாதவள்.

"எனக்குத் தெரியாதா? அவகூடப் பொறந்தவன்டி நான்."

அவர் குரல் உடைந்துவிட்டது. அதைக் காட்டாமலிருக்கத் தீப்பெட்டியைத் தேடுகிறவர்போலச் சட்டைப்பையைத் துழாவினார்.

அவள் வாசலுக்குப் போனாள். பெண்களிடமிருந்து களிமண் கிண்ணத்தை வாங்கினாள். ஒரு புத்தகத்தை மடியில் வைத்து, தலையைத் திருப்பிக்கொண்டு, முகம் இருந்த இடத்தில் கையால் அப்பினாள். வழவழப்பான அட்டை, காற்றுப் பட்டதும் மண் காய்ந்து வெடித்துப் பொலபொலவென்று உதிர்ந்தது. வெடிப்பு வழியே ஒரு கண் தெரிந்தது. பெண்கள் சட்டென்று முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். மறுபடி அப்பினாள், மறுபடி உதிர்ந்தது.

மாமாவின் கைக்குத் தீப்பெட்டி வந்திருந்தது.

"வெறும் தண்ணியில குழைச்சா எப்படி நிக்கும்?" என்றார் அவர், வேறெங்கோ பார்த்தபடி. "பசையைச் சேரு. அவ வரையறப்போ அப்படித்தானே கலப்பா."

ரோஸ்வின்தான் ஓடிப்போய்ப் பசை டப்பாவைக் கொண்டுவந்தாள். மாமா டின்னைக் கீழே வைத்துவிட்டுத் தரையில் உட்கார்ந்தார். புத்தகம் வெளியீட்டுக்குப் போகட்டும், எங்களில் யாரும் வரப்போவதில்லை, அங்கே எவனும் பெயரைச் சொல்லக் கூடாது என்று ரோஸ்வினிடம் கண்டிப்பாகச் சொன்னார். அவள் சரி சரி என்று தலையாட்டினாள். பொழுது சாய்கிறவரை எல்லோரும் பூசினார்கள். மாமாவுக்கு எழுத்து தெரியாது, முகத்தோடு நிறுத்திக்கொண்டார். அடியில் இருந்த பெயரைப் பேரில்லாதவள் பூசி மறைத்தாள், ஒவ்வொரு எழுத்தாக.

அட்டைகள் வரிசையாகக் காய்ந்தன. கிண்ணத்தின் அடியில் மிச்சமிருந்ததை வழித்து அவள் தன் நெற்றியில் பூசிக்கொண்டாள். பசை கலந்திருந்ததால், காயக் காயத் தோலைப் பிடித்து இழுத்தது.