முக்கால் பங்கு

என் கணவர் லிஃப்ட் மெக்கானிக். ஆளில்லாத அறையில் விளக்கு எரிந்தால் அவருக்கு வயிறு எரியும். வீட்டுக்கு வேண்டிய மின்சாரத்தைத் தானே எடுக்கப்போவதாகச் சொல்லி, எங்கள் சின்ன வரவேற்பறையில் பழைய சைக்கிளை நிறுத்தி, பின்சக்கரத்தில் டைனமோவை மாட்டி, ஒரு பல்போடு இணைத்துவிட்டார்.

அன்று நல்ல குளிர். கதவைச் சாத்திவிட்டு மிதித்தார், பல்பு எரிந்தது. அந்த வெளிச்சத்தில் நான் அவருடைய கிழிந்த கால்சட்டையைத் தைத்துக்கொண்டிருந்தேன். நடுவில் இறங்கி வந்து நான்கு முட்டையையும் பாதி ரொட்டியையும் காலி பண்ணிவிட்டுத் திரும்பவும் ஏறிக்கொண்டார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"ஒரு பல்புக்கு இவ்வளவு தீனியா?"

கல்லூரியில் படிக்கும் மகள் சோபாவில் படுத்தபடியே சொன்னாள். "உடம்பு அப்படித்தாம்மா. செலவாகுற சக்தியில கால் பங்குதான் பெடலுக்குப் போகும். மீதி முக்காலும் சூடாத்தான் வெளிய போகும்."

அவர் முகம் தொங்கிவிட்டது. "அப்போ நான் வெட்டியாத்தான் மிதிக்கிறேனா?" என்று வேகத்தைக் குறைத்தார்.

அப்போதுதான் கவனித்தேன். என் ஸ்வெட்டர் நாற்காலியின் முதுகில் கிடந்தது. எப்போது கழற்றினேன் என்றே தெரியவில்லை. மகளும் போர்வையை உதறியிருந்தாள். ஜன்னல் கண்ணாடியில் ஆவி படிந்திருந்தது. ஹீட்டரைத் திரும்பிப் பார்த்தேன். சாயங்காலத்திலிருந்து அதை யாரும் போடவே இல்லை.

எழுந்துபோய் இன்னும் இரண்டு முட்டையை அடுப்பில் வைத்துவிட்டு வந்தேன்.

"பல்பு எக்கேடோ கெட்டுப் போகட்டும்," என்றேன். "நீங்க நிறுத்தாம மிதிங்க."