டீச்சரின் குரல்

பத்து வருஷமாகச் சின்னப் பட்ஜெட் மலையாளப் படங்களில் நடிக்கிறேன். கட்டடத்தில் கல் சுமக்கும் தமிழச்சி, ஹோட்டலில் பாத்திரம் தேய்க்கும் தமிழச்சி, இவைதான் எனக்கு வரும். மலையாள மண்ணிலேயே, ஆரியசாலையில் பிறந்து மலையாளப் பள்ளிக்கூடத்தில் படித்த என்னை முதன்முதலாக ஒரு மலையாளி டீச்சராக்கியவர் இயக்குநர் அபிலாஷ். என் பேச்சில் தமிழ் இழுவை உண்டு. அதற்காக வேறு யாரையும் பேசவைக்க மாட்டேன், உன் சொந்தக் குரலே இருக்கும் என்று வாக்குக் கொடுத்திருந்தார்.

படப்பிடிப்பு முடிந்ததும் மனிதர் என் போனை எடுப்பதை நிறுத்திவிட்டார். எடிட்டரைக் கேட்டால், இயக்குநரைக் கேளுங்கள் என்றார். என் குரலை மாற்றிவிட்டாரோ?

சுப்ரியா வேறு சரியில்லை. பக்கத்து வலியசாலைக்காரி, என் உயிர்த்தோழி, டப்பிங் கலைஞர். எந்த நடிகைக்குப் பேசினாள் என்று ஒன்றுவிடாமல் ஒப்பிக்கிறவள், இப்போது வேலையைப் பற்றிக் கேட்டாலே பேச்சை மாற்றினாள். அபிலாஷைப் பார்த்தாயா என்றேன். பழவங்காடியில் தேங்காய் உடைக்கப் போனபோது தூரத்தில் பார்த்தாளாம். சாமியே இல்லை என்று மேடைக்கு மேடை பேசுகிற ஆளுக்குப் பிள்ளையார் கோயிலில் என்ன வேலை?

திரைப்பட விழாவில் படம் போட்ட அன்று அவளையே இழுத்துக்கொண்டு போனேன். திருட்டு முழியைப் பக்கத்திலிருந்தே பார்த்துவிடலாம் என்றுதான். வகுப்பறைக் காட்சியில் டீச்சர் வாயைத் திறந்தாள். என் குரல். கடைசிவரைக்கும் என் குரலேதான். இவளைப் போய்ச் சந்தேகப்பட்டோமே என்று வெட்கமாகிவிட்டது. இருட்டில் சுப்ரியாவின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.

படம் முடிந்து கேள்வி நேரம் வந்தது. ஒருவர் எழுந்து, நடிப்பு பிரமாதம், டப்பிங்தான் கெடுத்துவிட்டது, இந்த மலையாளிப் பெண்ணுக்கு எதற்கு ஒரு தமிழ்க்காரியின் குரல் என்று கேட்டார். எனக்குச் சிரிப்பு வந்தது. அவ்வளவு நன்றாக நடித்திருக்கிறேன் போலிருக்கிறது. அது அவள் சொந்தக் குரல்தான் என்று அபிலாஷ் சொல்வதற்காகக் காத்திருந்தேன்.

அபிலாஷ் மைக்கைக் கை மாற்றிப் பிடித்தார்.

"அது ரிலீசினு மும்பு மாற்றும். வேறொராளோடு பறஞ்ஞிட்டுண்டு." ரிலீசுக்கு முன்னால் குரலை மாற்றிவிடுவாராம், வேறொருவரிடம் சொல்லியும் வைத்திருக்கிறாராம்.

என் பிடியிலிருந்த கை மெல்ல நழுவியது. திரும்பிப் பார்த்தேன்.

"நான் இன்னும் சரின்னு சொல்லலைடி" என்றாள் சுப்ரியா.