முந்திக்கொண்ட சாமி

கொலைகாரன் கொட்டுக்கா சாமி இறங்கும்? ஆறுமுகத்தாய்க்கு வயிறு எரிந்தது. மும்பை தாராவி இசக்கியம்மன் கோயில் கொடைத் திருவிழாவில் பதினாறு வருடமாக அம்மன் அவள் மேல்தான் வருகிறாள். இந்த வருடம் பம்பை அடிக்க வந்திருப்பவனோ பஞ்சு. குழாயடிச் சண்டையில் அவள் தம்பி சுடலைக்கண்ணனைக் குத்திக் கொன்றவன்.

ஒன்பது வருடம் உள்ளே இருந்தான். கைதிகள் திருந்தட்டும் என்று ஜெயிலில் மேளமும் கூத்தும் சொல்லிக் கொடுத்தார்களாம். கத்தி பிடித்த கை குச்சி பிடித்ததும் சுத்தமாகிவிடுமா? நாய் வாலை நிமிர்த்தக் கிளம்பிய கூட்டம்!

“திருந்தி வந்திருக்கான் தாயி. இங்க நல்லா அடிச்சாம்னா செம்பூர், கோவண்டி கொடைக்கெல்லாம் கூப்பிடுவாவ. பொழச்சிக்கிடுவான்,” என்றார் கமிட்டித் தலைவர் பிரம்மநாயகம்.

“எந்தம்பி பொழைப்பானா அண்ணாச்சி?”



மஞ்சள் சேலையில் சந்நிதி முன் நின்றாள். பஞ்சு தலை நிமிராமல் அடிக்கத் தொடங்கினான். முதலில் நிதானக் கொட்டு. அது முடிந்துதான் சாமியை அழைக்கும் கொட்டு. அதற்கு முன் அம்மன் ஒருநாளும் இறங்கியதில்லை. பாவி, நன்றாகவே அடித்தான். கூட்டம் சொக்கிப்போய் நின்றது. அதுதான் அவளுக்குப் பொறுக்கவில்லை.

கூந்தலை அவிழ்த்து உதறி அலறினாள். “ஏலே! ரத்தக்கை கொட்டு எனக்கு வேண்டாம்லே! இவன் என் வாசல மிதிக்கக் கூடாது!”

கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொண்டது. அம்மனே சொல்லிவிட்டாள்; இனி எந்தக் கோயில் இவனைக் கூப்பிடும்?

பஞ்சு பம்பையை இறக்கி வைத்தான். கும்பிடுவதுபோல் அவள் காலருகே குனிந்தான்.

“யக்கா, அழைப்புக் கொட்டு நான் இன்னும் தொடங்கவேயில்லயே,” என்றான், அவளுக்கு மட்டும் கேட்கும்படி.

பிறகு செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டு ரோட்டில் இறங்கிப் போனான். அதையே உரக்கச் சொல்லியிருந்தால் அவள் மானம் கப்பலேறியிருக்கும். சொல்லவில்லை.

சனியன் ஒழிந்தது என்று அவள் மனம் குளிர்ந்திருக்க வேண்டும். குளிரவில்லை, பயந்தது.

கூட்டத்தில் நின்ற பழைய பம்பைக்காரர் சுயம்புவைப் பிடித்து இழுத்து வந்தார்கள். அழைப்புக் கொட்டு எழுந்தது. ஆறுமுகத்தாய் கண்ணை மூடிக் காத்திருந்தாள். வருடா வருடம் உள்ளங்காலில் ஏறும் அந்த நடுக்கம் ஏறவில்லை. இன்னும் கொஞ்சம் காத்திருந்தாள். வெறும் கால், வெறும் தரை.

பெண்கள் குலவையிட்டார்கள். “ஆடு தாயி!” என்றார் பிரம்மநாயகம்.

அவள் காலைத் தானே தூக்கி வைத்து ஆடத் தொடங்கினாள்.